தரைப்பரப்பு

ஜெலுத்தோங்கில், லோரோங்கின் கடைசி வீட்டுக்குப் பின்னால்
வரைபடத்தில் இல்லாத ஒரு கட்டடம்.
நாலு சுவர், சீமையோட்டுக் கூரை,
என் நெஞ்சுயரத்துக்கு ஒரு கதவு.
மாநகர் மன்றத்துப் பாரத்தில் எனக்கு இன்று
பதினேழாவது வீடு.

"கோழிக்கூடா?" என்றேன்.
"கிணறு" என்றார் தேவகிருபை,
கையில் பிழிந்த துணியோடு.
"கிணத்துக்கு எதுக்குங்க வீடு?"
"அதுவும் நனையுமில்ல."

தண்ணீர் நனையாமலிருக்க ஒரு கூரை.
பாரத்தில் இதற்குக் கட்டமில்லை.

நீளம் எட்டடி. அகலம் ஏழரை.
அளவுநாடாவின் நுனியை அவர் பிடித்துக்கொண்டார்.
குனிந்துதான் நுழைய வேண்டியிருந்தது.
கட்டியவன் பக்திமானா, குள்ளனா,
செங்கல் தீர்ந்துபோனதா,
யாருக்கும் தெரியவில்லை.

உள்ளே பாசி மணம், துரு மணம்.
ராட்டினம் கழன்ற கொக்கியில்
யாருடையதோ ஒரு மழைக்கோட்டு.
மூன்று டுரியான் கூடை,
ஒற்றைச் சக்கரத்தோடு ஒரு சின்ன சைக்கிள்.
மாடத்தில் சிவப்புத் துணி, பாதி எரிந்த ஊதுபத்தி.
"அது வீட்டுக்காரத் தவுக்கே வைக்கிறது,
கிணத்து டத்தோவுக்காம்.
நான் கும்பிடவும் மாட்டேன், அணைக்கவும் மாட்டேன்."

பயன்பாடு என்ன, என்றேன்.
"எழுதிக்கோங்க" என்று தொடங்கினார்.

பைப்பில் தண்ணீர் நின்ற நாலு நாளும்
லோரோங்கே வாளியோடு இங்கே நின்றதாம்.
முன்வீட்டு ஹாஜாராவும் பின்வீட்டு ஆ லியானும்,
பதினோரு வருஷமாய்ப் பேசாதவர்கள்,
ஒரே கயிற்றை மாறி மாறி இழுத்தார்களாம்.
ஐந்தாம் நாள் பைப் வந்தது. பேச்சு நின்றது.

மேலறை வாடகைக்கார ரஃபிக்குல்
ராத்திரியில் போனோடு இங்கே வருவான்.
சிக்னல் கிடைக்காது.
குரலைப் பதிந்துகொண்டு போய்
வெளியிலிருந்து ஊருக்கு அனுப்புவான்.
கிணற்றின் எதிரொலியில் கேட்டால்
பெரிய வீட்டில் இருப்பதுபோல் இருக்குமாம்.

"நீங்க?"
"நானா? சண்டை போட.
அவருக்குச் சொல்லவேண்டியதையெல்லாம்
இங்க சொல்லி முடிச்சிட்டு
மூடியைப் போட்டுட்டு வந்துருவேன்.
நான் ரொம்ப சாந்தம்னு அவருக்கு நெனப்பு."

பூட்டு எதற்கு?
சட்டென்று பதில் வரவில்லை.
"அது நாங்க குடிவர்றதுக்கு முன்னாடியே இருக்கு."
கதவைத் திருப்பிப் பார்த்தேன்.
பூட்டு வெளியே. உள்ளே ஒரு தாழ்ப்பாள்,
நான்கு ஆணியும் வேறுவேறு அளவில்,
அவசரத்தில் அடித்ததுபோல.
உள்ளே தாழிட்டது யாரோ.
வெளியே பூட்டியது வேறு யாரோ.
அதை நான் எழுதவில்லை.
அவரும் துணியை இன்னொரு தடவை பிழிந்தார்,
அதில் ஈரமே இல்லை.

தரைப்பரப்பு என்ற இடத்தில் பேனா நின்றது.
எட்டு, ஏழரை: அறுபது சதுர அடி.
நடுவில் நாலடி விட்டத்தில் தரையில்லை.
கழித்தால் நாற்பத்தேழு சொச்சம்.
கழிபட்டதுதான் கட்டடம்.
மிச்சம், அதைச் சுற்றி நிற்க இடம்.

மூடியைத் தூக்கிக் குனிந்தேன்.
வானம் தெரியுமென்று நினைத்திருந்தேன்,
தெரிந்தது கூரை.
உடைந்த ஓடு வழியே விழுந்த ஒரு புள்ளி
ஆழத்தில் நடுங்கிக்கொண்டிருந்தது.
"அந்த ஓட்டை மாத்தச் சொல்லணும்" என்றார்.
மாற்றாதீர்கள் என்று சொல்ல
எனக்கு அதிகாரமில்லை.

குறியீடு ஒன்பது: மற்றவை.
கையெழுத்து வாங்கிக்கொண்டு திரும்பியபோது
குனிய மறந்துவிட்டேன்.

பதினெட்டாவது வீட்டில்
நெற்றியைப் பார்த்து ஐஸ் கொண்டுவந்தார்கள்.
எதில் இடிச்சுக்கிட்டீங்க, என்றார்கள்.
வீடா கடையா கோயிலா,
சொல்ல வாயெடுத்து,
"கிணத்துல" என்றேன்.